டெல்பின் எங்கிருந்தாலும் உடனே வரவும்

திருச்சி,
ஞாயிறு, காலைப் பூசை முடிந்து வந்து எழுதுவது.

இயேசுவுக்கே புகழ், மரியே வாழ்க.

அன்பு மகன் பிரவீன்ராஜுக்கு அப்பா அற்புதசாமி ஆசீர்வதித்து எழுதும் கடிதம். இங்கே நானும் உன் அம்மாவும் ஆண்டவர் புண்ணியத்தில் எழுந்து நடமாடிக்கொண்டிருக்கிறோம், என் சர்க்கரை மட்டும் நினைத்தால் ஏறுகிறது நினைத்தால் இறங்குகிறது, அதற்கு நான் சாப்பிடும் மைசூர்பாகு காரணமில்லை என்று டாக்டரிடமே சொல்லிவிட்டேன். நீயும் மருமகள் ஆஷ்லியும் அந்த வின்னிபெக் குளிரில் காது மூக்கு உறையாமல் சுகமாக இருக்க மாதாவிடம் வேண்டிக்கொள்கிறோம். போன மாதம் பஸ் ஸ்டாப் படம் ஒன்று அனுப்பி, இங்கேயும் செம கூட்டம் அப்பா என்று எழுதியிருந்தாய். எண்ணிப் பார்த்தேன், ஆறு பேர், அதில் ஒருவர் நாயைப் பிடித்துக்கொண்டு சும்மா நின்றவர். அதைக் கூட்டம் என்று சொல்லும் ஊரில் நீ இருப்பது எனக்கு ஒரு வகையில் நிம்மதிதான்.

கையில் போன் இருக்கும்போது இந்தக் கிழவன் ஏன் தாளில் எழுதி ஸ்பீடு போஸ்ட் அனுப்புகிறான் என்று நீ நினைப்பாய். கோபம்தான், வேறு என்ன. இரண்டு வாரம் முன்பு நான் மைக் பிடித்துப் பேசுகிற வீடியோ உனக்கு வந்தது, அதை நம் குடும்ப குரூப்பில் போட்டு, அப்பா ஃபேமஸ் ஆயிட்டீங்க என்று எழுதி, பக்கத்தில் கண்ணீர் வரச் சிரிக்கும் பொம்மை மூன்று வைத்தாய். அன்றிலிருந்து நான் அந்தப் போனைத் தொடவில்லை, மேஜை டிராயரில் கிடக்கிறது. நான்கு லட்சம் பேர் பார்த்துவிட்டார்கள் என்று கீழ்வீட்டுப் பேட்ரிசியா டீச்சர் எனக்கு ஏதோ பதக்கம் கிடைத்த மாதிரி வந்து சொன்னார். அந்த வீடியோ நாற்பது செகண்டு. அன்றைக்கு உன் அம்மா எனக்குக் கிடைக்காமல் இருந்தது நாலு மணியிலிருந்து ஆறு மணி வரை, முழுசாக இரண்டு மணி நேரம். உனக்கு வந்த நாற்பது செகண்டுக்கு முன்னும் பின்னும் என்ன நடந்தது என்று நான் எழுதியே ஆக வேண்டும், நீ உட்கார்ந்து படித்தே ஆக வேண்டும்.

முதலில் தண்ணீர்க் கதை. நம் தெருக் குழாயில் இரண்டு வருஷமாகச் சாக்கடை கலந்து வருகிறது, அது உனக்கும் தெரியும், நீ போன தடவை வந்தபோது பல் துலக்கிவிட்டு முகம் சுளித்தாயே. நான் கேன் தண்ணீர் வாங்கிப் போட்டுவிட்டுப் பேப்பர் படிக்கப் போய்விட்டேன். உன் அம்மா மனு எழுதினாள். எந்த அலுவலகம் என்று பெயர் வேண்டாம், பெயரைச் சொன்னால் அதை மறுப்பதற்கு ஒரு கூட்டம் வரும். முதல் தடவை தனியாகப் போனாள். அங்கே நாற்காலியில் இருந்தவர், ஒருத்தர் வந்து சொன்னா எப்படிம்மா நம்புறது, தெருவே வந்து சொன்னாத்தானே பிரச்சினைன்னு தெரியும், கூட்டமா வாங்க என்றாராம். சரி என்று அடுத்த வீட்டு பஸீலாவையும் சேர்த்துக்கொண்டு நாற்பது பெண்களோடு போனாள். அதே நாற்காலி, அதே ஆள், என்னம்மா இது கலாட்டா, கூட்டம் சேர்ந்தா நான் போலீஸைத்தான் கூப்பிடணும், யாராவது ஒருத்தர் மட்டும் உள்ள வாங்க என்றாராம். உள்ளே போன ஒருத்தி உன் அம்மாதான். போனதும், நீங்க ஒருத்தர் சொன்னா எப்படிம்மா என்று அவர் மறுபடி முதலிலிருந்து ஆரம்பித்திருக்கிறார். வீட்டுக்கு வந்து அவள் இதைச் சொன்னபோது நான் விழுந்து விழுந்து சிரித்தேன். அவள் சிரிக்கவில்லை, தட்டுகளை எடுத்துக் கழுவப் போய்விட்டாள். ஏற்கெனவே கழுவிய தட்டுகள்.

அப்போதுதான் பிராங்க்ளின் வந்து சேர்ந்தான். உன்னோடு ஸ்கூலில் படித்தவன்தான், வகுப்பில் பேர் கூப்பிட்டால் ஆள் இருக்க மாட்டான், இன்று மற்றவர்களைக் கொண்டுவந்து சேர்ப்பதே அவன் தொழில், ஒரு கட்சிக்கு வார்டு செயலாளர். எந்தக் கட்சி என்பதும் வேண்டாம், எல்லாவற்றுக்கும் பொருந்தும். ஊருக்கு வெளியே பொட்டலில் மாநாடு, தலைவர் வருகிறார், ஆன்ட்டி நீங்க அந்த நாப்பது பேரோட வாங்க, மேடையிலேயே மனுவைக் கொடுத்துடலாம், மறுநாளே குழாய் மாத்திடுவாங்க என்றானாம். எனக்குத் தெரிந்ததும் நான் குதித்தேன். ஆடு மாடு மாதிரி வேன்ல ஏறிப் போகப் போறியா, கை தட்டச் சொன்னா தட்டப் போறியா, உனக்கு எதுக்குடீ இந்த வயசுல என்று கேட்டேன். கேட்டதோடு நின்றேனா, என் பழைய பிரசங்கத்தையும் ஆரம்பித்தேன். கூட்டத்துக்குக் கழுத்துக்கு மேலே ஒன்றும் கிடையாது, கை உண்டு கால் உண்டு தொண்டை உண்டு, மூளை மட்டும் வீட்டில் வைத்துவிட்டு வருவார்கள். சின்ன வயதிலிருந்து நீ ஆயிரம் தடவை கேட்டிருப்பாய்.

அதைச் சொல்லும் தகுதி எனக்கு இருந்ததாகத்தான் நினைத்தேன். முப்பத்தோரு வருஷம் காக்கிச் சட்டை, அதில் பாதி நாள் பந்தோபஸ்து. எந்தக் கட்சிக் கூட்டம் என்றாலும் கயிறு போட்டு அறை அறையாகப் பிரித்து, ஓர் அறையில் உள்ள தலைகளை எண்ணி, அறைகளால் பெருக்கி மேலே சொல்வேன். மறுநாள் கூட்டம் போட்டவர் சொன்ன எண்ணிக்கையில் ஒரு சைபர் கூடியிருக்கும், எதிர்க்கிறவர் சொன்னதில் ஒரு சைபர் குறைந்திருக்கும், நான் சொன்ன எண்ணைப் பற்றி எவனுக்கும் அக்கறை இருக்காது. காந்தி மார்க்கெட்டில் மணிக்கணக்காகத் தக்காளி பேரம் பேசுகிற அதே ஆள், மேடையில் சொன்னதைப் பேரமே பேசாமல் வாங்கிக்கொண்டு போவதைப் பார்த்திருக்கிறேன். தலைவர் எதிரிலேயே நிற்பார், இவர்கள் போனைத் தூக்கிப் பிடித்துப் போனுக்குள் அவரைப் பார்ப்பார்கள். ரிட்டயர் ஆகும்வரை கயிற்றுக்கு வெளியே நின்றவன் நான், அதனால் கயிற்றுக்கு உள்ளே இருப்பவர்களைப் பற்றி எல்லாம் தெரியும் என்று ஒரு திமிர்.

அந்தச் சனிக்கிழமை காலை பதினோரு மணிக்கு நான் ஈஸிசேரில் பேப்பர் படித்துக்கொண்டிருந்தேன். எதைப் படித்தேன் என்று கேள், சிரிப்பாய். மக்கள் கூட்டமும் மக்களாட்சியும் என்று யாரோ ஒரு பேராசிரியர் முக்கால் பக்கம் எழுதியிருந்தார், ஒவ்வொரு வரிக்கும் தலையாட்டிக்கொண்டிருந்தேன். வாசலில் நின்று உன் அம்மா, போயிட்டு வரேன் என்றாள். ம் என்றேன். மேஜை மேல மூடி வெச்சிருக்கேன் என்றாள். ம் என்றேன். இன்னும் ஒரு நிமிஷம் அங்கேயே நின்றிருப்பாள் போல, நான் பக்கத்தைத் திருப்பினேன். ஒரு மணிக்கு மூடி வைத்திருந்ததைத் திறந்து சாப்பிட்டேன், மாதா சபைக் கூட்டத்துக்குப் போயிருப்பாள் என்று நினைத்துப் படுத்தேன். நாலு மணிக்கு டீ போடலாம் என்று பாலை எடுக்கப் போனபோதுதான் ஃப்ரிட்ஜ் கதவில் சீட்டு. மாநாட்டுக்குப் போகிறேன், பஸீலாவும் உண்டு, அப்பளம் பொரித்துக்கொள்ளவும். பாலை அடுப்பில் வைத்துவிட்டு டிவியைப் போட்டால், அதே மாநாடு, அதே பொட்டல், தடுப்பு ஒரு பக்கம் சரிந்து நெரிசல், பதினைந்து பேர் மயக்கம் என்று கீழே எழுத்து ஓடுகிறது.

பிரவீன், நெரிசல் என்றால் என்ன என்று எனக்குத் தெரியும். டிவியில் பேசுகிறவர்களுக்குத் தெரியாது. யாரும் யாரையும் தள்ளுவதில்லை, எல்லோரும் ஒரு அடிதான் நகர்வார்கள், நடுவில் இருப்பவருக்கு மூச்சு விட இடம் இருக்காது. உன் அம்மா உயரம் ஐந்தடிகூட இல்லை. போன் போட்டேன், தொடர்பு எல்லைக்கு வெளியே என்று ஒரு பெண் இனிமையாகச் சொல்லிக்கொண்டே இருந்தாள். சட்டையைப் போட்டேனா பட்டனைப் போட்டேனா என்று ஞாபகம் இல்லை, ஆட்டோ பிடித்துப் பாதி தூரம், அதற்கு மேல் வண்டி போகாது என்று நடை. 

அங்கே போய்ப் பார்த்தால் நீ பார்த்திருக்க முடியாத கண்காட்சி. தலைவர் மூன்று மணிக்கு என்று போஸ்டர், மணி ஐந்து ஆகியும் அவர் இன்னும் வழியில் கை காட்டிக்கொண்டிருக்கிறார். வேப்ப மரத்தில் கிளைக்கு நாலு பேர். டிரான்ஸ்பார்மர் மேல் ஒருவன் ஏறி உட்கார்ந்து செல்ஃபி எடுக்கிறான், கீழே நின்று மின்வாரியத்துக்காரர் கையெடுத்துக் கும்பிடுகிறார். எங்கள் தலைவர் வந்தால் நாட்டில் ஒழுங்கு வரும் என்று கத்திக்கொண்டே தடுப்புக் கம்பியைப் பிடுங்குகிறார்கள். நெரிசல் நடந்த பக்கம் போனேன், மயங்கினவர்களுக்குத் தண்ணீர் கொடுத்து உட்கார வைத்திருந்தார்கள், உயிருக்கு ஒன்றும் இல்லை, ஆனால் அவர்களில் உன் அம்மா இல்லை. வாசலில் நின்ற போலீஸ் பிள்ளையிடம் நான் எஸ்.எஸ்.ஐ.யாக இருந்தவன் என்றேன். இருந்துட்டுப் போங்க சார், கயித்துக்கு அந்தப் பக்கம் நில்லுங்க என்றான். நியாயம்தான், நானும் அப்படித்தான் சொல்லியிருப்பேன்.

சரி, பெண்கள் பகுதியில் தேடலாம் என்று போனால், ஐயோ. மகளிர் அணிக்கு எல்லாம் ஒரே சேலை கொடுத்திருக்கிறார்கள், கத்தரிப்பூ நிறத்தில், கரையில் கட்சிச் சின்னம். ஆயிரத்து ஐந்நூறு பெண்கள், ஆயிரத்து ஐந்நூறும் கத்தரிப்பூ. முப்பத்தோரு வருஷம் தலைகளைத்தான் எண்ணியிருக்கிறேன், அன்றுதான் முதல் முறையாக ஒவ்வொரு முகமாகப் பார்த்தேன். பார்த்தால் ஒருத்தி தூக்குச் சட்டியைத் திறந்து பக்கத்தில் இருப்பவளுக்குத் தயிர்சாதம் போடுகிறாள், ஒருத்தி பிள்ளைக்குப் பால் கொடுக்கிறாள், ஒருத்தி கைப்பையிலிருந்து ரேஷன் கார்டு நகல், பட்டா நகல், மருத்துவச் சீட்டு என்று மடி நிறைய வைத்துக்கொண்டு யார் கேட்பார்கள் என்று மேடையையே பார்க்கிறாள். ஜீயபுரத்திலிருந்து வந்த ஒரு அம்மாள், வாழைத் தோப்புக்குள்ள ஆத்துத் தண்ணி வந்து நின்னுது சார், எழுதிக் கொண்டாந்திருக்கேன், எங்க குடுக்கணும்னு தெரியுமா என்று என்னிடமே கேட்டார், நான் வேட்டியும் கசங்கின சட்டையுமாக நிற்கிறேன், என்னையும் ஒரு அதிகாரி என்று நினைத்துவிட்டார். கழுத்துக்கு மேலே ஒன்றும் கிடையாது என்று நான் சொன்ன கூட்டம் இதுதான். வெட்கமாக இருந்தது, ஆனால் வெட்கப்படக்கூட நேரம் இல்லை, இவர்களில் டெல்பின் யார் என்று தெரியவில்லை.

கடைசியில் அறிவிப்புக் கொட்டகைக்குப் போனேன். பிரிட்டோ என்று ஒரு இளவட்டம் மைக் வைத்திருந்தான், சாவி தொலைந்தது, பை தொலைந்தது என்று சொல்லிக்கொண்டிருந்தான். பேர், வயசு, ஊர் எல்லாம் குறித்துக்கொண்டு, சார் என்ன கலர் சேலை என்றான்.

இந்த இடத்தில் கொஞ்சம் நிறுத்தி உனக்கு ஒன்று சொல்ல வேண்டும், இதுவரை உன் அம்மாவுக்கே சொன்னதில்லை. ஸ்ரீரங்கத்தில் வைகுண்ட ஏகாதசிக்கு இருபத்திரண்டு வருஷம் டியூட்டி பார்த்தேன், அதில் எட்டு வருஷம் ரங்கா ரங்கா கோபுரத்துக்குப் பக்கத்தில் காணாமல் போனவர்களுக்கான மைக் என் கையில். வேதக்காரனுக்குப் பெருமாள் கோவிலில் இந்த வேலை எதற்கு என்று யாரும் கேட்டதில்லை, என் குரல் கணீரென்று இருக்கும், அதனால் கொடுத்தார்கள். ஒரு வருஷம் மருங்காபுரிப் பக்கத்திலிருந்து பிச்சை என்று ஒரு மானாவாரி விவசாயி வந்தார், மனைவி வீரம்மாளைக் காணோம் என்று. என்ன நிறச் சேலை என்றேன். தெரியலீங்க என்றார். சிவப்பா பச்சையா என்றேன். தெரியலீங்க என்று தலையைக் குனிந்துகொண்டார். எனக்கு எங்கிருந்து வந்ததோ அந்தக் கொழுப்பு, மைக்கை அணைக்காமலே, கட்டின பொண்டாட்டி என்ன கட்டியிருக்கான்னு தெரியாத மகராசன் ஒருத்தர் இங்க வந்திருக்கார், வீரம்மாங்கிறவங்க வந்து இவரைக் கண்டுபிடிச்சுக் கூட்டிட்டுப் போங்க என்றேன். வீதி முழுக்கச் சிரித்தது. மேலதிகாரிகூடச் சிரித்து என் முதுகில் தட்டினார். அரை மணி கழித்து அந்தம்மா வந்தார், என்னைப் பார்த்து, வாயில்லாத மனுசன்யா அவரு, அவரைப் போயி மைக்குல என்று மட்டும் சொன்னார், புருஷன் கையைப் பிடித்துக்கொண்டு போய்விட்டார். இந்தக் கதையை ஸ்டேஷனில் நூறு தடவை சொல்லிச் சிரிக்க வைத்திருக்கிறேன், அந்தம்மா சொன்னதை மட்டும் விட்டுவிடுவேன்.

இப்போது பிரிட்டோ பேனாவை வைத்துக்கொண்டு காத்திருக்கிறான். காலையில் வாசலில் நின்றாளே, போயிட்டு வரேன் என்றாளே, ஒரு தடவை நிமிர்ந்திருந்தால் போதுமே. தெரியலை தம்பி என்றேன். அவன் என் மாதிரி இல்லை, நல்லவன். பரவாயில்ல சார், தெரிஞ்சிருந்தாலும் ஒண்ணும் பிரயோஜனம் இல்ல, அங்க பாருங்க என்று அந்தக் கத்தரிப்பூக் கடலைக் காட்டினான். அப்புறம், வேற அடையாளம் ஏதாவது இருந்தா நீங்களே சொல்லிடுங்க சார் என்று மைக்கை என் கையில் கொடுத்தான்.

அதற்குப் பிறகு நான் சொன்னதுதான் உன் வீடியோ. டெல்பின், வயது அறுபத்திரண்டு. வலது கால் செருப்பு வாரில் ஊக்கு குத்தியிருக்கும், புதுசு வாங்கச் சொன்னால் வாங்க மாட்டாள். வெயிலில் நின்றால் இடது கண்ணை மட்டும் சுருக்குவாள். யாராவது மயங்கி விழுந்தால் அங்கே பாருங்கள், கையில் எலுமிச்சம்பழத்தோடு இருப்பாள். கோபம் வந்தால் பேச மாட்டாள், கழுவின தட்டைத் திரும்பக் கழுவுவாள். இதைச் சொன்னபோதுதான் கூட்டம் கொல்லென்று சிரித்தது. அடுத்து என் குரல் உடைந்தது, டெல்பின், நான் அற்புதசாமி, கொட்டகைகிட்ட நிக்கிறேன், எங்க இருந்தாலும் வந்துடு, எனக்கு ஒண்ணும் ஓடலை என்றேன். அதோடு வீடியோ முடிந்துவிடுகிறது, எடுத்தவனுக்கு அது போதும்.

அதற்குப் பின்னால் நடந்தது எவன் போனிலும் இல்லை. சிரித்தவர்களில் ஐந்தாறு பேர் கொட்டகைக்கு வந்துவிட்டார்கள், எங்க சார் நின்னாங்க, நாங்களும் பாக்குறோம் என்று, மரத்தில் இருந்தவன்கூட மேலிருந்து, எலுமிச்சம்பழம் வெச்சிருக்கிறவங்க யாரு என்று கத்தினான். கொஞ்ச நேரத்தில் பெண்கள் பகுதியிலிருந்து மடித்த தாள் ஒன்று தலைக்கு மேல் கை மாறி கை மாறி வந்து சேர்ந்தது. ஆயிரம் கை தாண்டி வந்தும் கிழியவில்லை. பிரிட்டோ பிரித்துப் பார்த்து, குஷியில் மைக்கிலேயே வாசித்துவிட்டான். நான் காணாமல் போகவில்லை. பஸீலாவோடு மகளிர் பகுதியில் இருக்கிறேன். தலைவர் இன்னும் பேசவில்லை, மனு கொடுக்காமல் வர மாட்டேன். அடுப்பை அணைத்தீர்களா, மாத்திரை போட்டீர்களா? பொட்டல் முழுக்க விசில். எனக்கு அப்போதுதான் பால் ஞாபகம் வந்தது.

உன் அம்மாவிடம் வெறும் தாள் இல்லை, கையில் இருந்தது மனுவின் நகல்கள், பன்னிரண்டு எடுத்து வைத்திருந்தாள், அதில் ஒன்றின் முதுகில்தான் எனக்குப் பதில் எழுதியிருக்கிறாள். பிரிட்டோ தாளைத் திருப்பினான், இந்தப் பக்கமும் ஏதோ இருக்கு என்று சொல்லி அதையும் வாசித்தான். இரண்டு வருஷமாக எங்கள் தெருக் குடிநீரில் சாக்கடை கலந்து வருகிறது, ஆறு முறை எழுதிக் கொடுத்தோம், தனியாகப் போனால் கூட்டமாக வரச் சொல்கிறார்கள், கூட்டமாகப் போனால் தனியாக வரச் சொல்கிறார்கள். இந்த வரியில் ஒரு சத்தம் எழுந்தது பார், நான் எத்தனையோ கூட்டம் பார்த்தவன், தலைவர் பெயருக்குக்கூட அப்படி ஒரு சத்தம் கேட்டதில்லை. ஒவ்வொருத்தியும் தன் ஊரில் அதே நாற்காலியைப் பார்த்திருக்கிறாள். மேடையிலிருந்து ஒரு வேட்டிக்காரர் ஓடி வந்து பிரிட்டோ கையிலிருந்து மைக்கைப் பிடுங்கிக்கொண்டு போனார்.

தலைவர் வர இன்னும் நேரமாகும் என்று தெரிந்ததும், ஆறு மணிக்கு உன் அம்மா தானாகவே கொட்டகைக்கு வந்தாள். தலைமுடி கலைந்து, தொண்டை கட்டி, கையில் பாதி பிழிந்த எலுமிச்சம்பழம். நான் அழுதுவிட்டேன், அதைப் படம் எடுக்க நல்லவேளை யாரும் இல்லை. ஆறரைக்குத் தலைவர் வந்தார், பதினோரு நிமிஷம் பேசினார், ஒன்பது நிமிஷம் கை காட்டினார், மனுக்களை வாங்க ஒரு பெட்டி வைத்திருந்தார்கள், அந்தப் பெட்டியை மேடைக்குப் பின்னால் மறந்துவிட்டுப் போய்விட்டார்கள் என்று பஸீலா பார்த்து வந்து சொன்னாள். பிராங்க்ளினைக் காணவே இல்லை, ஸ்கூல் பழக்கம். திரும்பி வரும்போது பஸ்ஸில் நான் கேட்டேன், எவ்வளவு பயந்துட்டேன் தெரியுமா, இப்படிக் காணாம போயிட்டியே என்று. அவள் கட்டின தொண்டையோடு, நான் கூட்டத்துல காணாம போகலைங்க, கூப்பிட்டா திரும்பிப் பாக்க நாப்பது பேர் இருந்தாங்க, காலையில நம்ம வாசல்ல நின்னு ரெண்டு தடவை சொன்னேனே, அங்கதான் காணாம போனேன் என்றாள்.  வீட்டுக்கு வந்தால் பால் பாத்திரம் கரியாகக் கிடந்தது, சிலிண்டர் தானாகத் தீர்ந்து அடுப்பு அணைந்திருந்தது, இல்லாவிட்டால் இந்தக் கடிதத்தை வேறு யாராவது எழுத வேண்டியிருக்கும்.

இப்போது உன் கூட்டத்துக்கு வருகிறேன். நான்கு லட்சம் பேர். பேட்ரிசியா டீச்சர் வாசித்துக் காட்டினார். தாத்தா பாவம் என்கிறான் ஒருவன், பாட்டி எஸ்கேப் என்கிறான் இன்னொருவன், இது எதிர்க்கட்சி செட்டப் என்று ஒரு அறிவாளி, இந்த ஆள் நடிப்பு சுமார் என்று ஒரு ரசிகர். சாதியைக் கேட்டவர்களும் உண்டு, சேலை எந்தக் கடை என்று கேட்டவர்களும் உண்டு. அந்தப் பொட்டலில் என்னைப் பார்த்துச் சிரித்தவர்கள் வேர்த்து விறுவிறுத்து வந்து தேடினார்கள். போனுக்குள் கூடியவர்களில் ஒருவர்கூட அந்தம்மா கிடைத்தாரா என்று கேட்கவில்லையாம். நீயும் கேட்கவில்லை பிரவீன். உன் அம்மாவின் பெயரை நான் மைக்கில் சொல்வது அதில் தெளிவாகக் கேட்கிறது. நீ முதலில் சிரித்தாய், மறுநாள் மத்தியானம்தான் அம்மா போனுக்குக் கூப்பிட்டு, அம்மாவை ஏன் போக விட்டீங்க என்று என்னைத் திட்டினாய். உன்னைத் திட்ட எனக்கு யோக்கியதை இல்லை, நானும் வீதி முழுக்கச் சிரிக்க வைத்தவன்தான், ஆனாலும் எனக்கு மனசு வலித்தது, அதை மறைக்க மாட்டேன்.

குழாய் விஷயம் என்ன ஆயிற்று என்று கேட்பாய். மனுவுக்கு அசையாதவர்கள் வீடியோவுக்கு அசைந்தார்கள், மூன்றாம் நாள் ஜேசிபி வந்தது, நம் வாசலில் ஆளுயரத்துக்குக் குழி வெட்டியது, அதோடு போய்விட்டது. வீடியோ பழசாகிவிட்டது போல. இப்போது குழியைச் சுற்றிப் பெண்கள் முறை வைத்து பிளாஸ்டிக் நாற்காலி போட்டு உட்கார்ந்திருக்கிறார்கள், யாரும் விழுந்துவிடக் கூடாது என்றும், யாரும் குழாய் போடாமல் மூடிவிடக் கூடாது என்றும். குழியைச் சுற்றிக் கயிறு கட்டிக் கொடுத்தது நான்தான், வேறு எதற்கும் லாயக்கில்லை என்றாலும் கயிறு கட்டத் தெரியுமே. பழைய பேச்சை எல்லாம் விட்டுவிட்டேன் என்று நினைக்காதே, டிரான்ஸ்பார்மரில் ஏறியவன் மடையன்தான், மூன்றரை மணி நேரம் காக்க வைத்தவருக்குக் கை தட்டியதும் மடத்தனம்தான், அதை உன் அம்மாவிடமே சொன்னேன், ஆமா என்றாள். நாளைக் காலை பத்து மணிக்கு அதே நாற்காலிக்காரரிடம் போகிறார்கள். போன தடவை நாற்பது பேர், இந்தத் தடவை நாற்பத்தொன்று. நான் உள்ளே போய் ஒன்றும் பேசக் கூடாது, பின்னால் நிற்க வேண்டும் என்பது உன் அம்மாவின் உத்தரவு.

நேரத்துக்குச் சாப்பிடு, கைக்கு உறை போடாமல் வெளியே போகாதே, ஞாயிறு பூசையைத் தவற விடாதே. ஆஷ்லிக்கு எங்கள் அன்பைச் சொல்லு, அவள் அம்மாவுக்கு முழங்கால் வலி தேவலையா என்று கேட்டதாகவும் சொல்லு. மாதா உங்கள் இருவரையும் தன் அங்கிக்குள் வைத்துக் காப்பாற்றட்டும், உங்கள் கதவைத் தட்டுகிற நன்மை எதுவும் திரும்பிப் போகாமல் இருக்கட்டும்.

ஒன்றை மட்டும் மறக்காதே. உன் அம்மா இன்று அரக்கு நிறச் சேலை, மாம்பழ மஞ்சள் கரை, நீ முதல் சம்பளத்தில் எடுத்துக் கொடுத்தது, முந்தானையில் ஓர் இடத்தில் இழை பிரிந்திருக்கிறது. நிமிர்ந்து பார்த்துவிட்டுத்தான் எழுதுகிறேன். இந்த வரியைப் படிக்கும்போது ஆஷ்லி என்ன நிறத்தில் உடுத்தியிருக்கிறாள் என்று, திரும்பிப் பார்க்காமல், பதிலில் எழுது.

உன் அப்பா,
அற்புதசாமி
(குழிக் காவல், மாலை முறை)